கொசுக் குண்டும் தேன்கூட்டுக் கொண்டையும்

1926ஆம் ஆண்டு, நார்வே. ஆஸ்லோவைச் சேர்ந்த எரிக் ரோட்ஹைம் என்ற வேதிப் பொறியாளருக்கு அப்போது வயது 28. அவரைத் தூங்கவிடாத சிக்கல் பார்வைக்கு மிகச் சின்னது. பெயின்டோ வார்னிஷோ எதைப் பூசுவதானாலும் தூரிகை வேண்டும். தூவுவதானால் கையால் அடிக்கும் பம்பு வேண்டும். கை ஓய்ந்தால் தூறலும் ஓய்ந்துவிடும். கை செய்கிற வேலையைக் குடுவைக்குள்ளேயே அடைத்துவைக்க முடியாதா என்று யோசித்தார் ரோட்ஹைம்.

அவர் கண்ட வழி அழகானது. சில வாயுக்களை அழுத்தினால் திரவமாகிவிடும். அப்படிப்பட்ட திரவத்தைப் பெயின்டோடு சேர்த்து ஓர் உலோகக் குடுவையில் அடைத்து, மேலே ஒரு வால்வைப் பொருத்தினார். வால்வைத் திறந்ததும் உள்ளிருந்த அழுத்தம் பெயின்டை வெளியே தள்ளியது. வெளிக்காற்றைத் தொட்ட கணத்தில் திரவ வாயு ஆவியாக, பெயின்ட் பொடிப்பொடித் துளிகளாகச் சிதறியது. உள்ளே மிஞ்சிய திரவத்தில் இன்னும் கொஞ்சம் ஆவியாகி, குறைந்த அழுத்தத்தை ஈடுகட்டியது. இதனால் கடைசிச் சொட்டு வரைக்கும் தூறலின் வேகம் குறையவில்லை. 1926 அக்டோபரில் ரோட்ஹைம் காப்புரிமைக்கு விண்ணப்பித்தார். 1931இல் அமெரிக்கக் காப்புரிமையும் கைக்கு வந்தது. ஆனால் குடுவையை வாங்கத்தான் ஆள் வரவில்லை.

காரணங்கள் இருந்தன. அழுத்தத்தைத் தாங்கும் குடுவையும் நுணுக்கமான வால்வும் செய்ய ஏகப்பட்ட செலவானது. அதைவிடப் பெரிய தொல்லை உள்ளே இருந்தது. அவர் நம்பியிருந்த பியூட்டேன், டைமெத்தில் ஈதர் போன்ற வாயுக்கள் ஒரு தீப்பொறி போதும், குப்பென்று பற்றிக்கொள்ளும். 1938இல், நாற்பது வயது நிரம்பும் முன்பே ரோட்ஹைம் இறந்துபோனார். தீப்பிடிக்காத, நஞ்சில்லாத ஒரு வாயு கிடைத்திருந்தால் அவர் கதையே வேறாகியிருக்கும். அந்த வாயுவோ, அவர் உயிரோடு இருந்தபோதே அட்லாண்டிக்கின் மறுகரையில் வேறு ஏதோ ஒரு வேலைக்காகப் பிறந்துவிட்டிருந்தது.

1920களின் அமெரிக்க வீடுகளில் குளிர்பதனப் பெட்டி பயத்தோடு வைத்திருக்க வேண்டிய பொருள். அதற்குள் ஓடிய அம்மோனியா, சல்ஃபர் டை ஆக்ஸைடு, மெத்தில் குளோரைடு எல்லாமே நஞ்சு. இரவில் குழாய் கசிந்தால் விடியும்போது உயிர் போயிருக்கும். ஆபத்தில்லாத ஒரு வாயுவைத் தேடும் பொறுப்பை ஜெனரல் மோட்டார்ஸ் நிறுவனம் தாமஸ் மிட்ஜ்லி என்பவரிடம் ஒப்படைத்தது. 1928இல் அவரும் ஆல்பர்ட் ஹென்னேயும் ஃப்ளோரின் சேர்ந்த ஒரு வாயுவைச் செய்து பார்க்க முடிவெடுத்தார்கள். அதற்கு ஆன்டிமனி டிரைஃப்ளோரைடு என்ற உப்பு தேவைப்பட்டது. ஐந்து சின்னச் சீசாக்கள் வந்து சேர்ந்தன. அவற்றில் ஏதோ ஒன்றை எடுத்துத் திறந்தார்கள்.

அந்தச் சீசாவிலிருந்து தயாரான வாயுவை ஒரு கினிப்பன்றியைச் சுவாசிக்க வைத்தார்கள். கினிப்பன்றிக்கு ஒன்றும் ஆகவில்லை. மகிழ்ச்சியோடு இரண்டாவது சீசாவைப் பயன்படுத்தினார்கள். இந்த முறை கினிப்பன்றி செத்துவிழுந்தது. ஆராய்ந்தபோதுதான் உண்மை புரிந்தது. ஐந்து சீசாக்களில் நான்கில் ஈரம் கலந்த மாசு இருந்தது; அதிலிருந்து பாஸ்ஜீன் என்ற கொடிய நச்சு வாயு உண்டாகியிருந்தது. சுத்தமாக இருந்தது ஒரே ஒரு சீசா. முதலில் கைக்கு வந்ததும் அதுதான். கை சற்றே விலகி அடுத்த சீசாவைத் தொட்டிருந்தால், இந்த வாயு நஞ்சு என்று எழுதி மூடிவைத்திருப்பார்கள்.

1930இல் அட்லான்டாவில் அமெரிக்க வேதியியல் சங்கத்தின் கூட்டம் நடந்தது. மிட்ஜ்லி மேடையேறி அந்த வாயுவை நெஞ்சு நிறைய இழுத்து, எரியும் மெழுகுவத்தியின்மீது மெல்ல ஊதினார். சுடர் அணைந்தது. மிட்ஜ்லி நலமாக நின்றுகொண்டிருந்தார். நஞ்சுமில்லை, தீயும் பிடிக்காது என்பதை ஒரே மூச்சில் நிரூபித்துவிட்டார். ஃப்ரியான் என்ற பெயரில் அந்த வாயு குளிர்பதனப் பெட்டிகளுக்குள் குடிபுகுந்தது. யாருக்கும் எந்தத் தீங்கும் செய்யாத வாயு என்று உலகம் நம்பியது. அந்த நம்பிக்கை உடைய நாற்பது ஆண்டுகளுக்கும் மேலாகும் என்பது அன்று யாருக்கும் தெரியாது.

இதே காலத்தில் கதையின் ஒரு கிளை தஞ்சாவூர்ப் பக்கம் வந்தது. 1934இல் மேட்டூர் அணை திறந்து, புதிய கால்வாய்கள் வழியே காவிரித் தண்ணீர் பட்டுக்கோட்டைச் சீமைக்குப் பாய்ந்தது. தண்ணீரோடு மலேரியாவும் வந்து சேர்ந்தது. ராக்ஃபெல்லர் அறக்கட்டளையின் மலேரியா நிபுணர் பால் ரஸ்ஸல் அங்கே முகாமிட்டார். சாமந்திக் குடும்பத்தைச் சேர்ந்த பைரித்ரம் என்ற பூவின் சாற்றை மண்ணெண்ணெயில் கலந்து, கிராமத்து வீடுகளுக்குள் பம்பால் அடித்துப் பார்த்தது அவருடைய குழு. குட்டையில் நெளியும் புழுவைத் தேடி அலைவதற்குப் பதிலாக, வீட்டுச் சுவரில் ஓய்வெடுக்கும் கொசுவையே கொல்லும் உத்தி இது. பலன் கிடைத்தது; நோய் குறைந்தது. இருந்தாலும் பம்பு அடிக்க ஆள் வேண்டும், மருந்து சுமக்க ஆள் வேண்டும். ஒரு கிராமத்துக்குச் சரி. ஒரு படைக்கே இதைச் செய்ய வேண்டி வந்தால்?

அந்தக் கேள்விக்கான விடை மேரிலாந்து மாநிலத்தின் பெல்ட்ஸ்வில்லில், அமெரிக்க வேளாண்துறையின் ஆய்வுக்கூடத்தில் உருவாகிக்கொண்டிருந்தது. லைல் குட்ஹியூ வேதியியலாளர்; வில்லியம் சல்லிவன் பூச்சியியலாளர். மருந்துத் துளி எவ்வளவு பொடியாக இருக்கிறதோ, அவ்வளவு நேரம் அது காற்றில் மிதக்கும். மிதக்கும்வரை பறக்கும் பூச்சிக்குத் தப்ப வழியில்லை. அவ்வளவு பொடியாக்கும் வழி எது என்று பல ஆண்டுகளாகத் தேடினார்கள். மருந்தைச் சூடேற்றிப் புகையாக்கிப் பார்த்தார்கள். கடைசியில் குட்ஹியூவின் பார்வை குளிர்பதனப் பெட்டிக்குள் ஓடிய ஃப்ரியான்மீது விழுந்தது.

1941, ஈஸ்டர் ஞாயிறு. ஊரே விடுமுறையில் இருந்தபோது குட்ஹியூ ஆய்வுக்கூடத்துக்குப் போனார். ஃப்ரியானும் பூச்சி மருந்தும் கலந்த உருளையின் வால்வைத் திறந்து, கரப்பான்பூச்சிகள் இருந்த கூண்டுக்குள் தூறலை விட்டார். பத்து நிமிடத்துக்குள் கரப்பான்கள் மல்லாந்து கிடந்தன. ரோட்ஹைமின் குடுவைக்குக் கிடைக்காமல் போன வாயு, அவர் இறந்து மூன்று ஆண்டுகள் கழித்து அதற்குள் வந்து சேர்ந்திருந்தது.

பின்னால் பக்குவப்பட்ட கலவையில் பைரித்ரமும் ஃப்ரியானும் மட்டுமல்ல, எள்ளெண்ணெயும் இருந்தது. தமிழ்நாட்டுச் சமையலறைகளில் மணக்கும் அதே நல்லெண்ணெய்தான். அது பைரித்ரத்தின் வீரியத்தைக் கூட்டுவதை அதற்குச் சற்று முன்புதான் கண்டுபிடித்திருந்தார்கள். மருந்து தயார். அந்த ஈஸ்டர் ஞாயிறு கழிந்து எட்டு மாதத்தில் பேர்ல் துறைமுகம் தாக்கப்பட்டு, அமெரிக்கா போரில் இறங்கியது.

1942 மார்ச்சில் ஜாவா ஜப்பானியர் கையில் விழுந்தது. உலகத்துக்கு மலேரியா மருந்தான கொயினா தந்த சின்கோனாத் தோட்டங்களும் அதோடு போயின. பசிபிக் தீவுகளில் துப்பாக்கியைவிடக் கொசு அதிக வீரர்களைப் படுக்கையில் வீழ்த்தியது. பட்டுக்கோட்டையில் பாடம் கற்ற பால் ரஸ்ஸல், இப்போது ராணுவ மலேரியா நிபுணராகத் தளபதி மெக்கார்தர் முன்னால் போய் நின்றார். ஒரு படைப்பிரிவு எதிரியைப் பார்த்து நிற்கும்போது இன்னொன்று மருத்துவமனையில் கிடக்கிறது, மூன்றாவது தேறிக்கொண்டிருக்கிறது என்று வேதனைப்பட்டார் மெக்கார்தர். வீரர்களின் கூடாரத்துக்கும் விமானத்துக்கும் குட்ஹியூ-சல்லிவன் உருளைகள் லட்சக்கணக்கில் புறப்பட்டன. வீரர்கள் அதற்கு வைத்த பெயர் கொசுக் குண்டு. 1943இல் காப்புரிமையும் கிடைத்தது. ஆனால் தடித்த இரும்பு உருளையில் அடைத்த அந்தக் குண்டைப் போர்முனையில் சுமக்கலாம். வீட்டு அலமாரியில் வைக்க முடியாது.

அதே போரின் எதிர்முகாமில் இன்னொரு பொருள் பிறந்திருந்தது. ஜெர்மனியின் லுட்விக்ஸ்ஹாஃபனில் வால்டர் ரெப்பே என்ற வேதியியலாளர் அசெட்டிலின் வாயுவை அழுத்தத்தில் வைத்து வேலைசெய்தார். வெடித்துவிடும் என்று மற்றவர்கள் கிட்டே நெருங்க அஞ்சிய வாயு அது. அதிலிருந்து கிளைத்த பல பொருட்களில் ஒன்று பாலிவினைல் பைரோலிடோன், சுருக்கமாகப் பிவிபி. தண்ணீரிலும் கரையும், ஆல்கஹாலிலும் கரையும். உடலுக்குள் போனாலும் ஊறு செய்யாது என்று கருதினார்கள். ரத்தம் இழந்த வீரர்களுக்குப் பிளாஸ்மாவுக்குப் பதிலாக இதன் கரைசலை ரத்தநாளத்தில் ஏற்றினார்கள். போர் முடிந்ததும் அந்தத் தேவை குறைந்தது. கொசுவைக் கொன்ற குடுவையும் காயம்பட்ட வீரனைக் காத்த கரைசலும் ஒரே டப்பாவுக்குள் சந்திக்கப்போகின்றன என்று யாராவது சொல்லியிருந்தால், குட்ஹியூவும் ரெப்பேயும்கூட நம்பியிருக்க மாட்டார்கள்.

1945இல் அமைதி திரும்பியது. கொசுக் குண்டின் எடையைக் குறைத்தால் வீட்டுக்கு வீடு விற்கலாம் என்று கணக்குப் போட்டார்கள் டப்பா உற்பத்தியாளர்கள். உள்ளே அழுத்தம் குறைவான வாயுக் கலவையை நிரப்பினால் தடித்த இரும்பு தேவையில்லை. பியர் அடைக்கும் மெல்லிய டின்னே போதும். 1947இல் அப்படிப்பட்ட டப்பாக்கள் கடைக்கு வந்தன. டப்பா இளைத்துவிட்டது. வால்வு மட்டும் பழைய போர்க்கால வால்வுதான். விலையும் அதிகம், கசிவும் அதிகம். அலமாரியில் வைத்த டப்பா வாங்க ஆள் வரும் முன்பே காலியாகிவிடும்.

நியூயார்க்கின் பிராங்ஸ் பகுதியில் ஒரு சின்ன லேத் பட்டறை இருந்தது. அதன் உரிமையாளர் ராபர்ட் ஆப்ளனால்ப், சுவிட்சர்லாந்திலிருந்து குடியேறிய பெற்றோரின் மகன். கசியும் வால்வைப் பற்றிய புலம்பல் அவர் பட்டறை வரைக்கும் வந்து சேர்ந்தது. 1949இல் அவர் ஏழே பாகங்கள் கொண்ட ஒரு வால்வை உருவாக்கினார். பிளாஸ்டிக் சேர்ந்தது, மலிவானது, கோடிக்கணக்கில் அச்சுப்போல் வார்த்தெடுக்கக் கூடியது. எல்லாவற்றுக்கும் மேலாக, அது கசியவில்லை. விரல் நுனியால் அழுத்தினால் தூறல். விரலை எடுத்தால் நின்றுவிடும். 1953இல் காப்புரிமை கிடைத்தது. டப்பா, வாயு, வால்வு மூன்றும் ஒன்றுசேர்ந்துவிட்டன. பூச்சி மருந்து போக வேறெதை இதற்குள் அடைத்தால் வீடுதோறும் பெண்கள் ஆசையாய் வாங்குவார்கள் என்பதுதான் மிச்சமிருந்த கேள்வி.

விடை சிகாகோவின் அழகு நிலையங்களில் காத்திருந்தது. தலைமுடியை உயர்த்தி வாருவது பெண்களுக்குப் புதிதல்ல. உயர்த்தியதை நிற்கவைப்பதுதான் பாடு. வீட்டில் ஆளிவிதையைக் கொதிக்கவைத்து வந்த குழகுழப்பைத் தடவினார்கள். சர்க்கரைத் தண்ணீரைத் தெளித்தார்கள். மேலே வலை போட்டுக் கட்டினார்கள். அழகு நிலையங்களில் ஆல்கஹாலில் கரைத்த அரக்கைக் கைப்பம்பால் தூவினார்கள். அரக்கு இந்தியாவின் சோட்டா நாக்பூர்க் காடுகளில் மரக்கிளைகளை மொய்க்கும் பூச்சி சுரப்பது. பாண்டவர்களைக் கொளுத்த வாரணாவதத்தில் எழுந்த மாளிகையும் இந்த அரக்கால்தான் ஆனது. கிராமஃபோன் இசைத்தட்டுகளும் இதனால்தான் ஆயின. அந்த அரக்குக் கரைசல் இப்போது கொசுக் குண்டின் வழித்தோன்றலுக்குள் புகுந்தது.

1940களின் கடைசியில் அமெரிக்காவில் ஓரிரு நிறுவனங்கள் அதை முயன்றன. 1950இல் சிகாகோவின் ஹெலின் கர்ட்டிஸ் நிறுவனம் ஸ்ப்ரே நெட் என்ற பெயரில் அதைப் பெரிய அளவில் சந்தைக்குக் கொண்டுவந்தது. அந்த நிறுவனத்தின் வரலாறும் போரைத் தொட்டதுதான். 1927இல் முகத்துக்குப் பூசும் களிமண் விற்றுத் தொடங்கிய அது, போர்க்காலத்தில் போர்விமானங்களின் பீரங்கிக் கூண்டுகளைச் செய்து கொடுத்தது. அமைதி வந்ததும் மறுபடி அழகுப் பொருளுக்குத் திரும்பி, பங்குதாரர் ஒருவருடைய மனைவியின் பெயரையும் மகனின் பெயரையும் சேர்த்துத் தனக்கே புதுப்பெயர் வைத்துக்கொண்டது. இப்படித்தான் ஹேர் ஸ்ப்ரே பிறந்தது. பிறந்ததுமே ஒரு குறையும் தெரிந்தது.

அரக்கு காய்ந்தால் கெட்டிப்படும். சீப்பு இறங்காது. தண்ணீரில் கரையாததால் தலையை அலசினாலும் எளிதில் போகாது. இந்த இடத்தில்தான் ரெப்பேயின் பிவிபி வந்து நின்றது. தண்ணீர் பட்டால் கரைந்து ஓடிவிடும் பொருள் அது. 1950களில் அரக்கின் இடத்தை அது பிடித்தது. இதே பிவிபியோடு அயோடினைச் சேர்த்தபோது பொவிடோன் அயோடின் பிறந்தது. அடிபட்ட முழங்காலில் இன்று தடவுகிற பழுப்பு நிற மருந்தும் கூந்தலை நிறுத்திய தூறலும் ஒரே வீட்டுப் பிள்ளைகள். இருந்தாலும் பிவிபிக்கும் ஒரு பலவீனம் உண்டு. காற்றில் ஈரம் இருந்தால் உறிஞ்சிக்கொண்டு பிசுபிசுக்கும். மழைநாளில் எழுப்பிய கோபுரம் மாலைக்குள் சரிந்தது. பிவிபியோடு வினைல் அசிடேட்டைக் கோத்துப் புதிய கலவை செய்த பிறகே அந்தச் சரிவு நின்றது.

ஹேர் ஸ்ப்ரே வேலைசெய்யும் விதம் எளிமையானது. தூறலின் துளிகள் முடியில் விழுந்ததும், இரண்டு முடிகள் ஒன்றையொன்று தொடும் இடத்துக்கு ஓடிச் சேரும். ஆல்கஹால் பறந்துவிட, அந்தச் சந்திப்பில் ஒரு மெல்லிய ஒட்டு மிஞ்சும். கம்பிக் கூண்டு செய்பவர் கம்பிகள் சேரும் இடத்தில் மட்டும் பற்றவைப்பது போல, முடி முழுவதையும் மெழுகாமல் மூட்டுகளை மட்டும் அது பிடித்துக்கொள்ளும். அதனால்தான் காற்றடைத்த மாதிரி எழும்பி நிற்கும் கூந்தல் கனமில்லாமல் நின்றது. இனி கூந்தலை எவ்வளவு உயரத்துக்குக் கட்டலாம் என்பது சிற்பியின் துணிச்சலைப் பொறுத்த விஷயமாகிவிட்டது.

அந்தத் துணிச்சல் மார்கரெட் வின்சி ஹெல்ட்டுக்கு இருந்தது. சிகாகோவின் மிச்சிகன் அவென்யூவில் அழகு நிலையம் நடத்தியவர். 1954இல் தேசிய அளவிலான சிகையலங்காரப் போட்டியில் வென்றவர். புதிய பத்தாண்டு பிறக்கப்போகிறது, இதுவரை யாரும் பார்க்காத ஓர் அலங்காரம் வேண்டும் என்று மாடர்ன் பியூட்டி ஷாப் என்ற தொழில் இதழ் அவரைக் கேட்டது. ஹெல்ட்டிடம் குல்லாய் வடிவத்தில் ஒரு சின்னக் கறுப்பு வெல்வெட் தொப்பி இருந்தது. அதைக் கழற்றினாலும் அதன் உருவம் தலையில் அப்படியே நிற்கும்படி ஒரு கொண்டை போட்டால் என்ன? வீட்டார் தூங்கிய பின் கீழ்த்தளத்துக்கு இறங்கி, பாட்டைப் போட்டுவிட்டு, பொம்மைத் தலை ஒன்றை வைத்துக்கொண்டு இரவில் வேலைசெய்தார்.

வழக்கமாக வேரிலிருந்து நுனிக்குச் சீவுவார்கள். இங்கே சீப்பை நுனியிலிருந்து வேரை நோக்கித் தள்ள வேண்டும். முடி தன்னைத்தானே பின்னிக்கொண்டு மெத்தைபோல் உப்பும். அப்படி உப்பியதை அடுக்கடுக்காகச் சுற்றி மேலே ஏற்றி, வெளிப்புறத்து முடியை மட்டும் வழவழப்பாக வாரி மூடி, ஸ்ப்ரே அடிக்க வேண்டும். உள்ளே சிக்கு, வெளியே பட்டு. ஹெல்ட் அதை முடித்துவிட்டு, தொப்பியில் இருந்த தேனீ போன்ற அணியை எடுத்துக் கொண்டையில் செருகினார். பார்க்க வந்த பத்திரிகையாளர் தேன்கூடு மாதிரி இருக்கிறதே என்றார். அந்தப் பெயரே நிலைத்தது. 1960 பிப்ரவரி இதழில் தேன்கூட்டுக் கொண்டை வெளியானது. இதழ் வெளியான வேகத்தில், வேலை அழகு நிலையத்தை விட்டு வீட்டுக்கண்ணாடி முன்னால் இடம் மாறியது.

வாரத்துக்கு ஒருமுறை நிலையத்தில் தலை அலசிக் கட்டிக்கொண்ட பெண்கள், மற்ற ஆறு நாளும் வீட்டில் அதைக் காத்தார்கள். ராத்திரி துணி சுற்றிப் படுத்தார்கள். காலையில் சரிந்த பக்கத்தைச் சீப்பின் வாலால் நெம்பி, ஹேர்பின் செருகி, மறுபடி தூறல் அடித்தார்கள். பள்ளி மாணவிகள் தாங்களே ஒருவருக்கொருவர் கட்டிவிட்டுக்கொண்டார்கள். நாள்கணக்கில் அவிழ்க்காத கொண்டைக்குள் சிலந்தி குடும்பம் நடத்தியது என்று ஒரு கட்டுக்கதைகூட ஊர் ஊராகப் பரவியது. ரோனெட்ஸ் குழுவின் பாடகிகளும் டஸ்டி ஸ்பிரிங்ஃபீல்டும் அந்த உயரத்தை மேடைக்குக் கொண்டுபோனார்கள். அலை இந்தியத் திரைக்கும் வந்தது. 1960களின் தமிழ்ப் படங்களில் சரோஜாதேவியும் ஜெயலலிதாவும் உயர்த்திய கூந்தலோடு வந்தார்கள். ஸ்ப்ரே கைக்கு எட்டாத வீடுகளில் சவுரியை உள்ளே வைத்து அதே எழுப்பத்தைக் கொண்டுவந்தார்கள். உலகமே தலை நிமிர்ந்து நின்ற அந்த நேரத்தில், தலைக்கு மேலே பல கிலோமீட்டர் உயரத்தில் ஏதோ ஒன்று கரையத் தொடங்கியிருந்தது.

கலிஃபோர்னியா பல்கலைக்கழகத்தின் இர்வைன் வளாகத்தில் ஷெர்வுட் ரோலண்டிடம் மெக்சிகோவைச் சேர்ந்த மரியோ மொலினா 1973இல் ஆய்வாளராகச் சேர்ந்தார். மிட்ஜ்லி கண்டுபிடித்த வாயுக் குடும்பம் காற்றில் கலந்த பிறகு எங்கே போகிறது? இதுதான் அவர் எடுத்துக்கொண்ட கேள்வி. எதனோடும் வினைபுரியாத அந்த நல்ல குணமே வில்லனாக மாறியிருந்தது. கீழே எதுவும் அதை அழிக்காததால், அது மெல்ல மெல்ல மேலே ஏறி ஓசோன் படலம் வரை போனது. அங்கே புற ஊதாக் கதிர் பட்டு உடைந்து குளோரினை விடுவித்தது. ஒரு குளோரின் அணு ஒரு லட்சம் ஓசோன் மூலக்கூறுகள் வரை அழிக்கும். 1974 ஜூனில் நேச்சர் இதழில் கட்டுரை வெளியானது. அமெரிக்காவில் பயன்பட்ட அந்த வாயுவில் ஏறத்தாழப் பாதி, விரலால் அழுத்தும் டப்பாக்களிலிருந்துதான் வெளியேறிக்கொண்டிருந்தது.

உற்பத்தியாளர்கள் கொதித்தெழுந்தார்கள். வெறும் ஊகம் என்றார்கள். ஆனால் ஒரு கூந்தல் அலங்காரத்துக்காக வானத்தைப் பணயம் வைப்பதா என்ற கேள்வி சாதாரண வீடுகளுக்குள் நுழைந்துவிட்டது. சட்டம் வருவதற்கு முன்பே மக்கள் அந்த டப்பாக்களைக் கடையிலேயே விட்டுவிட்டு வந்தார்கள். 1978இல் அமெரிக்க அரசு பெரும்பாலான ஸ்ப்ரே டப்பாக்களில் அந்த வாயுவைத் தடைசெய்தது. அதே ஆண்டுகளில் லண்டன் தெருக்களில் பங்க் இளைஞர்கள் ஈட்டி முனைகளாகத் தலைமுடியை நிறுத்திக்கொண்டிருந்தார்கள். ஸ்ப்ரேயோடு சோப்பு, சர்க்கரைத் தண்ணீர், முட்டை வெள்ளைக்கரு என்று சமையலறையில் கிடைத்தவை எல்லாம் தலைக்கு ஏறின. ஆசை குறையவில்லை. வாயு மட்டும்தான் இல்லை. டப்பாவுக்குள் இனி எதை அடைப்பது?

பதில், அரை நூற்றாண்டாகத் தூங்கிய ஒரு காப்புரிமைத் தாளில் இருந்தது. பியூட்டேன், புரோப்பேன், டைமெத்தில் ஈதர். தீப்பிடிக்கும் என்று ரோட்ஹைமின் காலத்தில் உலகம் ஒதுக்கித் தள்ளிய அதே வகை வாயுக்கள். அவை ஓசோனைத் தொடுவதில்லை. அவற்றுக்கு ஏற்ற புதிய வால்வை 1977இல் உருவாக்கியவர் வேறு யாருமல்ல, பிராங்ஸ் பட்டறையின் ஆப்ளனால்ப்தான்.

1985இல் அண்டார்க்டிகாவின் மேலே ஓசோன் படலம் மோசமாக மெலிந்திருப்பதைப் பிரிட்டிஷ் ஆய்வாளர்கள் உறுதிசெய்தார்கள். ரோலண்டும் மொலினாவும் சொன்ன ஆபத்து வெறும் ஊகமல்ல என்பது தெளிவானது. 1987 செப்டம்பர் 16இல் மான்ட்ரியல் ஒப்பந்தம் கையெழுத்தானது. இந்தியா 1992இல் அதில் சேர்ந்தது. 1995இல் ரோலண்டுக்கும் மொலினாவுக்கும், பால் க்ருட்சனோடு சேர்த்து, வேதியியல் நோபல் கிடைத்தது. 1998இல் நார்வே அரசு ஸ்ப்ரே டப்பாவுக்கு ஓர் அஞ்சல்தலை வெளியிட்டது.

ஹேர் ஸ்ப்ரேயின் வரலாற்றில் மிகப் பெரிய கண்டுபிடிப்பு எதுவென்றால், டப்பாவும் அல்ல, வால்வும் அல்ல. ஆபத்து என்று அறிந்ததும் ஒரு பொருளை விட்டுவிட மக்களால் முடியும், விட்டுவிட்டும் தங்கள் அழகை இழக்காமல் வாழ முடியும் என்று தெரிந்ததுதான். கொண்டையும் நின்றது, ஓசோன் படலமும் மெல்ல மீண்டுவருகிறது.

ரோட்ஹைமின் வாயு திரும்பி வந்தபோது அதன் பழைய குணமும் கூடவே வந்தது. சமையலறை எரிவாயு உருளைக்குள் இருக்கும் புரோப்பேனும் பியூட்டேனும்தான் இன்றைய பல ஹேர் ஸ்ப்ரே டப்பாக்களிலும் இருக்கின்றன. டப்பாவின் பின்புறத்துச் சுடர்க் குறி அதைத்தான் சொல்கிறது. அதனால் வீட்டில் கொண்டை எவ்வளவு உயரமாக எழும்பினாலும், தூறல் அடிக்கும் இடம் அடுப்பிலிருந்தும் பூஜை விளக்கிலிருந்தும் தள்ளியே இருக்க வேண்டும்.